ஒன்று விடாமல்

அன்றைக்குக் கடையில் இருந்தவர்கள் மொத்தம் ஐந்து பேர். நான் ஒன்று. பந்தல்குடி மினி பஸ் கண்டக்டர் செல்லத்துரை இரண்டு. பக்கத்துக் கடையில் வாட்ச் வார் விற்கிற நாதமுனி மூன்று. அவர் திருப்புளி கடன் கேட்டு வந்து, அப்படியே நின்றுவிட்டார். போனுக்குக் கண்ணாடி ஒட்ட வந்த ஒரு அம்மா நான்கு. பேர் கேட்கவில்லை, கேட்கிற பழக்கமும் எனக்கு இல்லை. ஐந்தாவது என் வீட்டுக்காரி சீனியம்மாள். மதியச் சாப்பாடு கொண்டுவந்திருந்தாள். மணி பன்னிரண்டு ஐம்பது. அவள் எப்போதும் பன்னிரண்டு ஐம்பதுக்குத்தான் வருவாள்.

இதை எதற்குச் சொல்கிறேன் என்றால், பிற்பாடு ஆளாளுக்கு என்னென்னவோ பேசினார்கள் சார். அவள் போனை அவளுக்குத் தெரியாமல் எடுத்துவிட்டேன் என்று ஒரு பேச்சு. அப்படி இல்லை. இத்தனை பேர் முன்னிலையில் கேட்டுத்தான் வாங்கினேன். நாதமுனி இப்போதும் பக்கத்தில்தான் இருக்கிறார். சந்தேகம் என்றால் எட்டிப் பார்த்துக் கேளுங்கள்.

உட்காருங்கள் சார். அந்த ஸ்டூலில் ஒரு கால் ஆடும், சுவரோரமாகச் சாய்ந்தால் ஆடாது. கேபிளை மட்டும் தொட வேண்டாம். உங்கள் தூத்துக்குடி பஸ் ஒன்று நாற்பதுக்கு. இப்போது மணி பன்னிரண்டு இருபது. உங்கள் போன் அதற்குள் எழுந்துவிடும்.

அது செத்துவிடவில்லை. மயக்கம் என்று வைத்துக்கொள்ளுங்கள். கம்பெனிப் பேரைக் காட்டிக்கொண்டு அப்படியே நிற்கிறது, அதற்கு மேல் தனக்கு என்ன வேலை என்று அதற்கு நினைவில்லை. சத்தம் கூட்டுகிற பட்டன், குறைக்கிற பட்டன் இரண்டையும் சேர்த்து அமுக்கிக்கொண்டு கேபிளைச் சொருகினால், ஒரு கணம் காது கொடுக்கும். ஒரே கணம். அதற்குள் சின்னக் கோப்பு ஒன்றை, ஃபைல் என்பார்களே, அதை உள்ளே அனுப்பிவிட வேண்டும். டவுன்லோட் ஏஜென்ட் என்று அதற்குப் பேர். தவறவிட்டால் பேட்டரியைப் பிடுங்கி மறுபடி முதலிலிருந்து.

ஏஜென்ட் உள்ளே போய் உட்கார்ந்துகொள்வான். அதற்கப்புறம் கம்ப்யூட்டர் கொடுப்பதை எழுதுவான், கேட்பதைப் படித்து எடுத்துக் கொடுப்பான். எழுதுவது பாட்டா, படமா, கல்யாணப் பத்திரிகையா, அவனுக்குத் தெரியாது. தெரிந்துகொள்ளவும் ஆசைப்பட மாட்டான். எத்தனை வந்தது, எத்தனை போனது, இரண்டும் ஒத்துவருகிறதா, அவ்வளவுதான். நாற்பது வருஷமாக ரேடியோ, டிவி, போன் என்று வேலை பார்க்கிறேன். இவனைப் போல ஒழுங்கான வேலைக்காரனை நான் பார்த்ததில்லை.

பாருங்கள், சிவப்புக் கோடு ஓடி முடிந்தது. ஏஜென்ட் உள்ளே போய்விட்டான். இனி மஞ்சள் கோடு. மஞ்சள் என்றால் எழுதுகிறது. நீலம் என்றால் படிக்கிறது. கடைசியில் பச்சை வட்டம் வந்தால் வேலை முடிந்தது. படித்தது எட்டாவது; இதை மதுரையில் மூன்று நாள் வகுப்பில் கற்றுக்கொண்டேன். வாத்தியார் சொன்ன இங்கிலீஷ் வார்த்தையையெல்லாம் தமிழில் எழுதி வைத்திருக்கிறேன், நோட்டில் பதினோரு பக்கம்.

நான் அதிகம் பேசுகிற ஆள் இல்லை சார். கேட்டீர்கள் என்பதால் சொல்கிறேன்.

செல்லத்துரை கொண்டுவந்தது ஜவுளிக்கடை போன். ஒரு தீபாவளிக்கு இந்த ஊர் ஜவுளிக்கடை ஒன்றில் கொஞ்சம் பெரிய அளவில் துணி எடுத்தவர்களுக்கெல்லாம் ஒரு போன் இலவசமாகக் கொடுத்தார்கள். எந்தக் கம்பெனி செய்தது என்று யாருக்கும் தெரியாது. போட்டதும் திரையில் கடை முதலாளி கும்பிட்டுக்கொண்டு வருவார், அப்புறம்தான் மற்றது. செல்லத்துரை போனில் முதலாளி கும்பிட்டபடியே மூன்று நாளாக நிற்கிறார், உள்ளே விடமாட்டேன் என்கிறார்.

ஏஜென்ட் கிடைத்தான். ஒரே மாதிரி சிப்பு உள்ள போனுக்கெல்லாம் ஒரே ஏஜென்ட் போதும். அவன் எழுதுவதற்கான கோப்புதான் உலகத்தில் எங்கும் இல்லை. கொத்தனார் வந்து நிற்கிறார், செங்கல் வரவில்லை என்கிற மாதிரி. அதற்கு ஒரே வழி, அதே மாடலில் நல்ல போன் ஒன்றைப் பிடித்து, ஏஜென்ட்டை அதற்குள் அனுப்பி, இருப்பதைப் படித்து எடுத்து, செத்ததில் எழுதுவது. எங்கள் மகளை ஓசூரில் கட்டிக்கொடுத்திருக்கிறோம். அவளுக்குத் தீபாவளிச் சீர் எடுத்தபோது எங்களுக்கும் அதே போன் ஒன்று கிடைத்தது. அதைச் சீனியம்மாள்தான் வைத்திருந்தாள்.

கேட்டேன். அவள் உடனே கொடுக்கவில்லை. முந்தானையில் ஒரு தடவை துடைத்தாள்.

"உள்ள இருக்கிறது ஒண்ணும் போயிராதே?"

"ஒண்ணும் போகாது. ஒண்ணு விடாம இருக்கும்."

"படிச்சு எடுக்கிறதுன்னா, நீங்க படிப்பீங்களா?"

"நான் எதுக்குப் படிக்கிறேன். ஏஜென்ட் படிப்பான்."

அப்புறம் கொடுத்தாள். கேரியரை வைத்துவிட்டுப் போனாள். இதில் ஒளிவுமறைவு எங்கே இருக்கிறது, சொல்லுங்கள்.

இந்தத் தொழிலில் இருக்கிறவர்கள் செய்கிற ஒரு காரியம் எனக்குப் பிடிக்காது. போனுக்குள் இருப்பது திரையில் வரிவரியாக வரும். அந்தப் போனில் இருபத்து மூன்று வரி. ஒவ்வொரு வரிக்கும் முன்னால் ஒரு கட்டம், அதில் ஒரு டிக். வேண்டாத வரிக்கு டிக்கை எடுத்துவிடலாம். கடைசி வரியில்தான் போன் வைத்திருப்பவருடைய சொந்தச் சமாசாரம் இருக்கும். மற்ற கடைக்காரர்கள் அந்த டிக்கை எடுத்துவிட்டு, இருபத்திரண்டு வரியோடு வேலையை முடித்துவிடுவார்கள். எனக்கு டிக்கை எடுப்பதென்றால் கை கூசும். இருபத்து மூன்று என்றால் இருபத்து மூன்று. அரைகுறையாக ஒரு வேலையைச் செய்து கொடுத்தேன் என்று இருக்கக் கூடாது.

நீலக் கோடு நாற்பத்தொரு நிமிஷம் ஓடியது. அந்த நேரத்தில் சாப்பிட்டேன். என்ன சாப்பாடு என்று நினைவில்லை. மூன்று அடுக்கு.

பிறகு அதைச் செல்லத்துரை போனில் எழுதினேன். பச்சை வட்டம் வந்தது. முதலாளி கும்பிட்டார், வழிவிட்டார். ஒவ்வொரு போனுக்கும் பதினைந்து இலக்கத்தில் ஒரு அடையாள எண் இருக்கிறது. அப்படியே விட்டால் சீனியம்மாள் போனின் எண் செல்லத்துரை போனுக்கும் வந்துவிடும். அது சட்டப்படி குற்றம். அவன் போன் வந்த அட்டைப்பெட்டியைக் கொண்டுவரச் சொல்லி, அதில் இருந்த எண்ணைப் பதிந்து, மூன்று தடவை சரிபார்த்தேன். அதில் ஒரு பிசகு யாரும் சொல்ல முடியாது.

எல்லாம் வந்து சேர்ந்ததா என்று இரண்டு போனையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து எண்ணினேன். பாட்டு பதினான்கு, பதினான்கு. படம் ஐம்பத்திரண்டு, ஐம்பத்திரண்டு. ஒலிப்பதிவு நூற்று எண்பத்தாறு, நூற்று எண்பத்தாறு. சரியாக இருந்தது. கொடுத்து அனுப்பிவிட்டேன்.

அப்போது உறைக்கவில்லையா என்று எல்லோரும் கேட்கிறார்கள். எண்ணிக்கை சரியாக இருக்கும்போது வேறு எதை யோசிப்பது சார்?

அது திங்கட்கிழமை. செவ்வாய்க்கிழமை காலை ஆறு ஐம்பது நடைக்குச் செல்லத்துரை போனை பஸ் ஸ்பீக்கரில் மாட்டி, உள்ளே இருப்பதையெல்லாம் வரிசையாகப் பாடச் சொல்லிவிட்டு டிக்கெட் கொடுக்கப் போய்விட்டான். நான் புதிதாகப் பாட்டு ஏற்றிக் கொடுத்திருக்கிறேன் என்று அவனுக்கு நினைப்பு. முதல் பாட்டு முருகன் பாட்டு. இரண்டாவது அம்மன் பாட்டு. மூன்றாவதாகச் சீனியம்மாள் வந்திருக்கிறாள்.

அவளுக்கு எழுத வராது. மைக் படம் போட்ட கட்டத்தை அமுக்கினால் பேசியது பதிவாகும் என்று மகள் ஒரு தடவை சொல்லிக் கொடுத்தாள். ஒவ்வொன்றிலும் "வள்ளி" என்றுதான் ஆரம்பிக்கிறாள். வள்ளிமயில் அவள் தங்கை, சாத்தூரில் இருக்கிறாள். நான் பிறகு கணக்குப் பார்த்தேன்; ஒரு நாளைக்கு ஒன்று, அதற்கு மேல் இல்லை. சில நாள் ஒன்றும் இல்லை. மொத்தம் இரண்டு மணி ஏழு நிமிஷம்.

பஸ்ஸில் முதலில் வந்தது உப்பு விஷயம். மூன்று நாளாகக் குழம்பில் உப்புப் போடாமல் வைத்துப் பார்க்கிறாளாம், நான் ஏதாவது சொல்கிறேனா என்று. நான் சாப்பிட்டுவிட்டுக் கையைக் கழுவிக்கொண்டு போகிறேனாம். பஸ்ஸில் பாட்டை மாற்றச் சொல்லவில்லை சார். நாலாவது நாள் கண்டுபிடிப்பாரா மாட்டாரா என்று பந்தயம் கட்டியிருக்கிறார்கள். இறங்க வேண்டிய இடத்தில் இறங்காமல் ஒரு ஆசிரியை அடுத்த நிறுத்தம் வரை போயிருக்கிறார். மறுநாள் ஆறு ஐம்பது நடைக்கு நிற்க இடமில்லை. "அந்த அக்காவைப் போடுப்பா" என்று ஏறும்போதே கேட்கிறார்களாம். செல்லத்துரை என்னிடம் வந்து மன்னிப்புக் கேட்டபோதுகூட இதைத்தான் சொன்னான்: "யாரு குரல்னு சத்தியமா எனக்குத் தெரியாது அண்ணாச்சி. ஆனா ஒண்ணு, அந்தக்கா பேச ஆரம்பிச்சா பஸ்ல இடத்துக்குச் சண்டை கிடையாது."

எனக்கு இதெல்லாம் தெரியாது. வீட்டுக்கும் கடைக்கும் ஆயிரத்து நூற்றுப் பன்னிரண்டு அடி, நடந்துதான் வருவேன். பஸ் ஏறுகிற வேலை இல்லை.

வெள்ளிக்கிழமை வந்தது. ஆடி வெள்ளி. சீனியம்மாள் கோயிலுக்குப் போகிறேன் என்று அந்த மினி பஸ்ஸில் ஏறிவிட்டாள்.

மீதியைச் செல்லத்துரை சொன்னான். கடைசிக்கு முந்தின சீட்டில் ஒரு அம்மா. பல் பிடுங்கின கதை ஓடிக்கொண்டிருந்தது. எல்லோரும் சிரிக்கிற இடத்துக்கு ஒரு வரி முன்னாலேயே அந்த அம்மா சிரித்தாராம். அதனால்தான் அவன் திரும்பிப் பார்த்திருக்கிறான். பக்கத்தில் உட்கார்ந்திருந்த பெண், "பாவம், வீட்டுக்காரரு ஊமையோ என்னமோ" என்று சொல்ல, இவள், "ஊமை இல்லைம்மா. எண்ணிக்கிட்டு இருப்பாரு" என்றாளாம். கோயிலில் இறங்கவில்லை. பந்தல்குடி வரை போய், அதே பஸ்ஸில் திரும்பி வந்து, நாற்பத்தேழு பதிவு கேட்டிருக்கிறாள்.

அன்றைக்கும் பன்னிரண்டு ஐம்பதுக்குச் சாப்பாடு வந்துவிட்டது. அதில் குறை வைக்கவில்லை. கேரியரை இதோ இந்த இடத்தில் வைத்தாள். பஸ்ஸில் கேட்டதைச் சொன்னாள். சத்தம் போடவில்லை. ஊர் முழுக்கக் கேட்டுவிட்டது, இவள் எப்படித் தலைகாட்டுவாள் என்று அவளுக்காக நான் வெட்கப்பட்டேன். ஏழெட்டு வார்த்தை சேர்த்து ஏதோ சொல்ல வாயெடுத்தேன். அவள் அதைக் கேட்க வரவில்லை.

"நீங்க கேட்டீங்களா?" என்றாள்.

அதிலாவது அவள் மனம் ஆறட்டும் என்று நினைத்தேன். "ஒண்ணுகூடக் கேட்கலை. எண்ண மட்டும்தான் செஞ்சேன். நூத்தி எண்பத்தாறு."

அவள் கேரியரை என் பக்கம் தள்ளி வைத்தாள். பிறகு போய்விட்டாள். மறுநாள் காலை எட்டு பத்து சாத்தூர் பஸ். வாசலில் பையை வைத்துவிட்டு, நின்று, ஒன்று சொன்னாள். அதைத் தேதி போட்டு எழுதி வைத்திருக்கிறேன்: "என்னைக் கூப்பிட வர்றதா இருந்தா, நான் என்ன சொன்னேன்னு தெரிஞ்சுக்கிட்டு வாங்க. இல்லைன்னா வர வேண்டாம்."

பஸ்ஸில் கேட்ட அவமானம் தாங்காமல் போய்விட்டாள். வேறு என்ன.

செல்லத்துரை போனிலிருந்து அன்று சாயங்காலமே எல்லாவற்றையும் அழித்துவிட்டேன், ஒன்று விடாமல். ஆறு ஐம்பது பஸ்ஸில் இரண்டு நாள் கூட்டமாக முணுமுணுத்தார்களாம். ஆனால் படித்து எடுத்த கோப்பு என் கம்ப்யூட்டரில் இருக்கிறது. வேலை முடிந்ததும் அதை அழித்துவிட வேண்டும் என்பது என் விதி. அந்த மாடலுக்கு உலகத்திலேயே வேறு கோப்பு கிடையாது என்பதால் வைத்திருக்கிறேன். வேறு காரணம் இல்லை.

திங்கட்கிழமை கேட்க ஆரம்பித்தேன்.

ஒரு நாளைக்கு ஒன்று. பன்னிரண்டு ஐம்பதுக்கு. ஞாயிறு கடை இல்லை. தீபாவளி அன்றைக்குக்கூட வந்து, கடையைத் திறந்து, கேட்டுவிட்டுப் பூட்டிக்கொண்டு போனேன். நேற்றோடு நூற்று இருபத்திரண்டு முடிந்தது. மிச்சம் அறுபத்து நான்கு.

நீங்கள் சொல்வதைத்தான் நாதமுனியும் சொல்கிறார். மொத்தமே இரண்டு மணி ஏழு நிமிஷம், ஒரு மத்தியானத்தில் கேட்டு முடித்துவிட்டுச் சாத்தூருக்குப் போகலாமே என்கிறார். அவருக்கு வாட்ச் வார் விற்கத் தெரியும், அவ்வளவுதான். அவள் ஒரு நாளைக்கு ஒன்று என்று பேசியிருக்கிறாள். ஒரே மூச்சில் கேட்டால் அது எப்படிக் கணக்காகும்? அதோடு, சும்மா கேட்டுவிட்டுப் போக முடியாது. சரிபார்க்க வேண்டாமா?

இந்த நோட்டைப் பாருங்கள். இந்தப் பக்கம் அவள் சொன்னது. அந்தப் பக்கம் நடந்தது. நான் தினமும் குறிப்பு எழுதுகிறவன், முப்பத்தொரு வருஷமாக. அதை வைத்து ஒத்துப் பார்க்கிறேன். இதுவரை பதினேழு இடத்தில் பிசகாகச் சொல்லியிருக்கிறாள்.

உப்பை எடுத்துக்கொள்ளுங்கள். மூன்று நாள் என்கிறாள். மூன்றாவது நாள் ஏகாதசி, வீட்டில் குழம்பே இல்லை, உப்புமா. உப்புமாவில் உப்பு இருந்தது. ஆக இரண்டு நாள். பல் பிடுங்கியதைத் தை பதினொன்று என்கிறாள். தை ஒன்பது. ரசீது என்னிடம் இருக்கிறது, கோப்பில் போட்டு வைத்திருக்கிறேன். வலித்ததா என்று நான் கேட்கவில்லை என்கிறாள். அதற்குக் குறிப்பு இல்லை, அதனால் அந்தப் பக்கம் காலியாக விட்டிருக்கிறேன். ஐம்பத்தெட்டாவதில், ஒன்பது நாளாக வீட்டில் நான் ஒரு வார்த்தை பேசவில்லை என்கிறாள். அது அபாண்டம் சார். ஏழு நாள்தான். ஒரு நாள் "தண்ணி வந்துருச்சா" என்று கேட்டிருக்கிறேன். இன்னொரு நாள் "கரண்ட் போயிருச்சு" என்று சொல்லியிருக்கிறேன். இரண்டும் எழுத்தில் இருக்கிறது.

எல்லாம் குறை என்று நினைக்க வேண்டாம். தொண்ணூற்றேழாவதில் மழையில் நான் குடையை அவளிடம் கொடுத்துவிட்டு நனைந்துகொண்டே போனதைச் சொல்கிறாள். "எதுக்குன்னு கேட்டா, குடை ஒண்ணுதானே இருக்குன்னு சொல்லுவாரு வள்ளி." அது சரி. குடை ஒன்றுதான் இருந்தது. பக்கத்தில் 'சரி' என்று போட்டிருக்கிறேன். அதை நான்கு தடவை கேட்டேன், குடைதானா என்று தெளிவாகத் தெரிய வேண்டும் என்பதற்காக.

ஒன்றுதான் கணக்கில் இடிக்கிறது. வள்ளிமயிலிடம் இருப்பது பட்டன் போன். போன பங்குனியில் நான்தான் அதற்குப் பட்டன் மாற்றிக் கொடுத்தேன். இந்தப் பதிவெல்லாம் அதற்குப் போகாது. சீனியம்மாளுக்கும் அது தெரியும், பக்கத்தில் நின்று பார்த்தாள். அனுப்பவும் இல்லை, பார்த்துவிட்டேன், ஒன்றுகூட எங்கும் போகவில்லை. யாருக்கும் போகாத ஒன்றை எதற்கு ஒரு வருஷம் உட்கார்ந்து பேச வேண்டும்? நானும் அதே வீட்டில்தானே இருக்கிறேன். எனக்கு அது விளங்கவில்லை. போனில் இடம்தான் வீண்.

போன் பண்ணிப் பேசலாம்தான். பண்ணி என்ன பேசுவது? அவள் சொன்னது இன்னும் முடியவில்லையே. முடிந்ததும் இந்த நோட்டை எடுத்துக்கொண்டு நேரில் போவேன். ஒவ்வொன்றாகக் காட்டுவேன். எங்கே பிசகு, எங்கே சரி என்று பார்த்தால் அவளுக்கே தெரிந்துவிடும். அப்புறம் திரும்பி வருவதில் அவளுக்கு என்ன தடை? அந்தக் கேரியர் மேலே அப்படியே இருக்கிறது, மூன்று அடுக்கும். கழுவித்தான் வைத்திருக்கிறேன்.

உங்கள் போன் எழுபத்தெட்டு சதவீதம். பயப்பட வேண்டாம், கடைசி வரிக்கு டிக்கை எடுத்துவிட்டேன். உங்கள் படம், பேச்சு எதையும் தொடவில்லை. இப்போதெல்லாம் எடுத்துவிடுகிறேன். கை கூசத்தான் செய்கிறது.

மணி பன்னிரண்டு ஐம்பது. ஒரு நிமிஷம் பொறுத்துக்கொள்ளுங்கள் சார். இன்றைய பதிவு. நூற்று இருபத்து மூன்று. காதில் மாட்டிக்கொள்கிறேன்.

சின்னதுதான். பதினோரு விநாடி.

இல்லை, ஒன்றும் இல்லை. இது வேறு மாதிரி இருக்கிறது. "வள்ளி" என்று ஆரம்பிக்கவில்லை. அவள் "ஏங்க" என்கிறாள். பின்னால் கொஞ்சம் தள்ளி ஒரு ஆள், "முப்பத்தெட்டு, முப்பத்தொன்பது" என்கிறான். மறுபடி "ஏங்க" என்கிறாள். "நாற்பது" என்கிறான். "ஏங்க, ஒண்ணு சொல்லணும்" என்கிறாள். "நாற்பத்தொண்ணு." அத்தோடு முடிந்துவிட்டது.

அந்தக் குரல் என்னுடையதுதான். கொஞ்சம் கீச்சென்று இருக்கிறது, எனக்கு இப்படித்தான் இருக்கும் என்று தெரியாது.

தேதி மே ஏழு. நோட்டைப் பார்க்கிறேன், இருங்கள். மே ஏழு, புதன். 'திருகாணி டப்பா கொட்டிவிட்டது. எண்ணினேன். நூற்று நான்கு. சரி.' அவ்வளவுதான் எழுதியிருக்கிறேன். அவள் என்ன சொல்ல வந்தாள் என்று குறிப்பு இல்லை. மே ஏழு இருக்கிறது, திருகாணி இருக்கிறது. அது இல்லை.

இதில் திருத்துவதற்கு ஒன்றும் இல்லை. அவள் மூன்று தடவை கூப்பிட்டது மூன்று தடவைதான். எண்ணிவிட்டேன்.

பஸ்ஸில் இதையும் எல்லோரும் கேட்டிருப்பார்கள், இல்லையா? அடுத்ததையும் கேட்டிருப்பார்கள். அடுத்தது மே எட்டு. அதில் சொல்லியிருந்தால், ஆறு ஐம்பது பஸ்ஸில் வந்த எல்லோருக்கும் தெரியும். இறங்காமல் போன அந்த ஆசிரியைக்குத் தெரியும். செல்லத்துரைக்குத் தெரியும். அவன் தினமும் இங்கே வந்து நிற்கிறான், ஒரு வார்த்தை சொல்லவில்லை பாருங்கள்.

உங்கள் போனில் பச்சை வட்டம் வந்துவிட்டது. எடுத்துக்கொள்ளுங்கள். முதல் தடவை எழுந்திருக்கக் கொஞ்சம் தாமதமாகும், ஐந்து நிமிஷம் தொடாமல் வைத்திருங்கள். பஸ்ஸுக்கு நேரம் இருக்கிறது. இல்லை, உட்காருங்கள். தனியாக இருந்தால் நான் அடுத்ததைக் கேட்க மாட்டேன், நாளைக்கு என்று வைத்துவிடுவேன்.

பதினோரு விநாடியை ஒரு நாள் கணக்கென்று எப்படி எடுத்துக்கொள்வது? சராசரி நாற்பத்தொரு விநாடி வருகிறது. இன்றைக்கு முப்பது விநாடி குறைகிறது. அதனால்தான் இன்னொன்று. வேறொன்றும் இல்லை.

நூற்று இருபத்து நான்கு. அதில் சொல்லியிருக்கிறாள் சார்.

என்ன என்று கேட்காதீர்கள். மன்னிக்க வேண்டும், அது உங்களுக்குச் சொல்வதற்கில்லை. பேனாவா? வேண்டாம். மூடியைப் போட்டுவிடுங்கள். இதற்கு அந்தப் பக்கம், இந்தப் பக்கம் இரண்டிலும் எழுத ஒன்றும் இல்லை.

சாத்தூர் வண்டி இப்போதும் எட்டு பத்துக்குத்தானா என்று உங்களுக்குத் தெரியுமா? இல்லை, நீங்கள் வெளியூர். செல்லத்துரையைக் கேட்டால் தெரியும். அதோ, ஹார்ன் சத்தம், அவன் வண்டிதான். ஒரு மணிக்கு பஸ் ஸ்டாண்டுக்குள் வந்துவிடுவான். படியில் தொங்கிக்கொண்டே இந்தப் பக்கம் பார்த்து, மிச்சம் எத்தனை என்று கேட்பான் பாருங்கள், தினமும் கேட்கிறான். இவன் பதில் வாங்கிக்கொண்டு போனால்தான் பஸ்ஸில் இருக்கிறவர்கள் விடுவார்களாம். நேற்று அறுபத்து நாலு என்று சொல்லி அனுப்பினேன்.

"அண்ணாச்சி, இன்னைக்கு அறுபத்து மூணுதானே?"

"இல்லைப்பா. அறுபத்திரண்டு."